மலைப்பூவரசுக்கு இடித்த வாசற்படி

எங்கள் தெருமுனையில் நிற்கும் மரம் செத்துப்போய்விட்டது என்று என்னிடம் வந்து சொல்லாத ஆள் ஆரணியில் பாக்கி இல்லை. மாசி பிறந்தால் போதும். தண்ணீர் கேன் போடுகிறவர், ஜரிகை கொண்டுவருகிறவர், சிலிண்டர் இறக்குகிறவர், எல்லோருக்கும் அந்தச் சேதியை என் காதில் போடாவிட்டால் அன்றைய சோறு செரிக்காது. "அக்கா, உங்க மரம் பூட்ச்சிக்கா" என்பார்கள், துக்கம் விசாரிக்க வந்த முகத்தோடு. ஆரம்பத்தில் ஒவ்வொருவருக்கும் பொறுமையாக விளக்கம் சொன்னேன். அப்புறம், "சுரண்டிப் பாத்துட்டுப் பேசுங்க" என்று ஒரே வரியில் முடித்தேன். இப்போதெல்லாம் "ஆமாங்க, நாளைக்குக் கருமாதி, சாப்ட்டுட்டுப் போங்க" என்று சொல்லிவிட்டுத் தறிக்குப் போய்விடுகிறேன்.

அது மலைப்பூவரசு. இலை பூவரசு இலை மாதிரியே இருக்கும், அதனால் அந்தப் பேர். மற்றபடி நம் ஊர்க் கிணற்றங்கரைப் பூவரசுக்கும் அதற்கும் ஒட்டும் இல்லை உறவும் இல்லை. மழை குறைந்த பக்கத்து மொட்டைக் குன்றுகளில், வெயிலில் கால் வைக்க முடியாத பாறைகளின் இடுக்கில் முளைக்கிற காட்டு மரம். அதுவும் எல்லாக் குன்றிலும் கிடையாது. எங்கோ ஒரு குன்றில் கொஞ்சம், இன்னொரு குன்றில் ஒன்றிரண்டு, அவ்வளவுதான் உலகத்தில் மிச்சம் என்கிறார்கள். கோடை வருவதற்கு முன்பே இலையை முழுக்க உதிர்த்துவிட்டு மொட்டையாக நிற்கும். அந்த மொட்டைக் கோலத்திலேயே பூக்கும், காய்க்கும். காய், ஊதிவிட்ட காகிதப் பை மாதிரி லேசாக இருக்கும். மழை விழுந்த பிறகுதான் இலை. இந்த ஒழுங்கு தெரியாதவர்களுக்கு அது ஆறு மாசம் பிணம்.

நான் அதை முதலில் பார்த்தது தேவிகாபுரத்துக்கு அந்தப் பக்கம் உள்ள ஒரு குன்றின் அடிவாரத்தில். என் வீட்டுக்காரருடைய குலதெய்வம் அங்கே இருக்கிறது. வருஷம் தவறாமல் சித்திரையில் பொங்கல் வைக்கப் போவோம். அந்த வருஷம் பொங்கல் பொங்குகிற நேரம் பார்த்து மேலேயிருந்து காற்றில் ஏதோ பறந்து வந்து என் புடவை மடிப்பில் ஒட்டியது. எடுத்துப் பார்த்தால் பழுப்பு நிறத்தில், நரம்பு தெரிகிற மெல்லிசுப் பை. டிஷ்யூ புடவைத் துணியை விடவும் மெல்லிசு. பட்டு நெய்கிறவள் கை அதைக் கீழே போட்டுவிடுமா? பொங்கலை அவரிடம் விட்டுவிட்டு, எங்கிருந்து வருகிறது என்று பார்க்கப் பாறை மேல் ஏறிவிட்டேன்.

மேலே அந்த மரத்தடியில் ஒரு பெண் உட்கார்ந்து காய் பொறுக்கிக்கொண்டிருந்தாள். கல்லூரியில் தாவரவியல் நடத்துகிறவளாம். மரத்தின் பேரைச் சொன்னதே அவள்தான். அந்தக் குன்றில் இருப்பது இந்த ஒன்றே ஒன்றுதான் என்றும், சுற்று வட்டாரத்தில் வேறு எங்கும் பார்க்கவில்லை என்றும் சொன்னாள். எனக்குக் கொஞ்சம் விதை கொடு, வீட்டில் போட்டுப் பார்க்கிறேன் என்று கேட்டேன். அவள் என்னை மேலும் கீழும் பார்த்தாள். கொடுத்தாள், இல்லையென்று சொல்லக்கூடாது. ஆனால் கூடவே, "வராதுக்கா. எங்களுக்கே பாதிக்கு மேல முளைக்கல. உங்களால கஷ்டம்" என்றாள்.

அந்த "உங்களால கஷ்டம்" இருக்கிறதே, அதைக் கேட்டு நான் சும்மா இருந்ததாகச் சரித்திரம் இல்லை. கல்யாணமாகி வந்த புதிதில், கரையையும் உடலையும் வேறு வேறு நிறத்தில் இணைத்து நெய்கிற கோர்வைப் புடவை உன்னால் ஆகாது என்று சொன்னார்கள். அடுத்த தீபாவளிக்கு நெய்து காட்டினேன். விதையை முந்தானையில் முடிந்துகொண்டு கீழே இறங்கினேன்.

வெயிலில் வை, தண்ணீர் குறைவாக ஊற்று என்று அந்தப் பெண் சொல்லி, போன் நம்பரும் கொடுத்துத்தான் அனுப்பினாள். என் காதிலும் விழுந்தது. ஆனால் கை கேட்கவில்லையே! எங்கள் வீட்டில் எது அருமையோ அதை வெயிலில் காட்டமாட்டோம். பட்டு வெயிலில் பட்டால் சாயம் வெளுக்கும், அனல் அடித்தால் இழை அறும். கோடையில் தறி வீட்டுத் தரையில் தண்ணீர் தெளிப்போம், ஜன்னலில் ஈரச் சாக்கு தொங்கவிடுவோம், உடம்பு வேர்த்து ஊற்றினாலும் மின்விசிறி போடமாட்டோம். அந்தப் பழக்கத்தில் பால் கவர்களில் மண் போட்டு, விதை ஊன்றி, தறிக்குழியைச் சுற்றி வரிசையாக வைத்தேன். காலையும் மாலையும் தண்ணீர் தெளித்தேன். வீட்டுக்காரர் பெடலை மிதிக்கும்போது காலை அகட்டி வைக்க வேண்டியிருந்தது. அவர் முனகினார், நான் கண்டுகொள்ளவில்லை.

முளைத்தது. எனக்குத் தலைகால் புரியவில்லை. அந்தப் பெண்ணுக்குப் போன் செய்து, "உங்களால கஷ்டம்னு சொன்னீங்களே மேடம்" என்று ஆரம்பித்தேன். ஆரம்பித்த வாய் மூடுவதற்குள் ஒவ்வொன்றாகத் தண்டு கறுத்து, அழுகி, தலை சாய்ந்தது. இன்னும் கொஞ்சம் ஈரம் வேண்டுமோ என்று இன்னொரு சாக்கை நனைத்துத் தொங்கவிட்டேன். அழுகல் இன்னும் வேகமாக வந்தது. பாறையில் காய்ந்து வளர்கிற பிள்ளையைப் பட்டு இழை மாதிரிப் பொத்திப் பொத்திக் கொன்றேன். கடைசியாக ஒன்று மிஞ்சியது. அதுவும் ஒருநாள் இலையைக் கொட்டிவிட்டு வெறும் குச்சியாக நின்றது. நான் களம்பூரில் ஒரு கல்யாணத்துக்குப் போய்த் திரும்புவதற்குள், வீட்டுக்காரர் அதை எடுத்துத் தெருமுனையில் கொட்டிக் கிடந்த இடிசல் மேட்டில் வீசிவிட்டார். யாரோ பழைய சுவரை இடித்துப் போட்ட செங்கல், காரை, கல். நிழல் இல்லை, தண்ணீர் ஊற்ற ஆள் இல்லை.

அங்கே அது பிழைத்துக்கொண்டது. ஐப்பசி மழைக்கு அந்த மேட்டில் இரண்டு இலை எட்டிப் பார்த்தபோது, நான் தெரு என்றும் பார்க்காமல் கத்திவிட்டேன். அன்றிலிருந்து என் வீட்டுக்காரர், "நான் வளத்த மரம்" என்று சொல்லிக்கொண்டு திரிகிறார். தூக்கி எறிந்ததை வளர்த்த கணக்கில் சேர்த்த மனிதரை நான் வேறு எங்கும் பார்த்ததில்லை.

மரம் என் இடுப்பு உயரத்தைத் தாண்டிய வருஷம் அந்தப் பெண்ணிடமிருந்து போன் வந்தது. பங்குனி வெயிலில் குன்றில் புல் பற்றி எரிந்ததாம். மரம் அடியோடு கருகிச் சாய்ந்துவிட்டதாம். அவள் சேர்த்த விதையும் முளைக்கவில்லை, அவளுக்கு வேறு ஊருக்கு மாற்றலும் வந்துவிட்டது.

"அக்கா, உங்ககிட்ட ஒண்ணு இருக்குதுன்னு சொன்னீங்களே, அது இன்னும் உயிரோட இருக்குதா?"

"இருக்குது மேடம்."

"அத மட்டும் விட்டுடாதீங்கக்கா. அந்த மரத்தோட வித்துன்னு வேற எதுவுமே இல்ல."

விட்டுடாதீங்க என்று அவள் சொல்லவே தேவையில்லை. ஆனால் போனை வைத்ததும் தெருமுனைக்குப் போய் அதன் பட்டையைத் தொட்டுப் பார்த்தேன். அதுவரை அது என் பிடிவாதத்துக்கு வளர்ந்த மரம். இப்போது ஒரு குன்றே என் தலையில் வந்து உட்கார்ந்த மாதிரி இருந்தது. அதற்குப் பிறகும் வருஷா வருஷம் குலதெய்வத்துக்குப் போனோம். நான் அடிவாரத்தோடு நின்றுகொண்டேன். மேலே ஏறி எதைப் பார்ப்பது, கரிக்கட்டையையா?

சிக்கல் இடத்தில் வந்தது. எங்கள் தெருவில் விடிகாலையில் பாவு நீட்டுவோம். புடவையின் நீள இழைகள் அத்தனையையும் தெருவின் இந்தக் கோடியிலிருந்து அந்தக் கோடி வரை இழுத்து, இடையிடையே மூங்கில் கால்கள் முட்டுக்கொடுத்து, கஞ்சித் தண்ணீர் தெளித்து, சிக்கெடுத்துக் காயவைப்போம். வெயில் ஏறுவதற்குள் சுருட்டிவிட வேண்டும். ஒரு முனை கோயில் பக்கம் கட்டியிருக்கும். மறு முனைக்கு முளை அடிக்கிற இடம் தெருமுனை. அந்த முளைக்கும் மரத்துக்கும் ஒரு சாண்கூட இடைவெளி இல்லை. மரம் சின்னதாக இருந்தவரை யாரும் பொருட்படுத்தவில்லை. கிளை விட ஆரம்பித்ததும் பாவு அதில் உரசத் தொடங்கியது.

தெருவில் பாவு வேலையை நடத்துகிறவர் ஒரு பெரியவர். முறைக்கு எனக்கு மாமா. கோபக்காரர், ஆனால் நியாயக்காரர். ஒரு குச்சி இழுத்தால் எத்தனை இழை அறும் என்பது அவருக்குத்தான் தெரியும், அறுந்ததை உட்கார்ந்து முடிபோடுகிறவர் அவர்தான். தெருவுக்கு சிமெண்ட் ரோடு போடப் போகிறார்கள் என்று தெரிந்ததும், கோயில் முன்னால் நாலு பேரைக் கூட்டி வைத்துக்கொண்டு என்னைக் கூப்பிட்டனுப்பினார். மாசி மாதம். மரம் மொட்டையாக நின்றது.

"இன்னாம்மா, பாவு வர்ற வழியில காஞ்ச குச்சிய நட்டு வச்சிகினு கீற? ரோடு போட மெஷின் வருது. அத்தோட சேத்து எடுத்துடச் சொல்லிட்டேன்."

"காயலை மாமா. இலை கொட்டிகினு நிக்குது. சுரண்டிப் பாத்துட்டுப் பேசுங்க."

கையோடு அவர்களைக் கூட்டிக்கொண்டு போய், நகத்தால் பட்டையைக் கீறிக் காட்டினேன். உள்ளே பச்சை. ஒருத்தர் எட்டிப் பார்த்துவிட்டு, முருங்கைக் கிளையை வெட்டிப் போட்டாலும் நாலு நாளைக்கு உள்ளே பச்சையாகத்தான் இருக்கும் என்றார். எல்லோரும் சிரித்தார்கள். எனக்கு அழுகையும் ஆத்திரமும் ஒன்றாக வந்தது.

"செத்ததோ பொழச்சதோ, அது வேற பேச்சும்மா" என்றார் மாமா. "பாவுக்கு இடைஞ்சல். ஒரு மரத்துக்கோசரம் தெரு சோறு துன்னாம இருக்குமா?"

அவர் கேட்டதில் தப்பில்லை. நானும் அந்தப் பாவில்தான் சோறு தின்கிறேன். அதனால் அவர் பேச்சிலேயே கேட்டேன்.

"மாமா, தறியில பாவு தீந்துபோச்சின்னா கடைசி முழத்த ஏன் அறுத்து எடுக்க மாட்டேன்றீங்க? இழை கோத்த அச்சுலயும் விழுதுலயும் அப்படியே வுட்டுத்தானே வக்கிறோம்?"

"இது இன்னா கேள்வி? அதையும் எடுத்துட்டா புதுப் பாவ எதுல பிணைக்கிறது? அத்தினி இழையும் முதல்லருந்து ஒண்ணொண்ணா கோத்துகினு கெடக்கணும். பேஜாரு. பழைய முனை இருந்தாத்தான் சாம்பலத் தொட்டு முறுக்கி வுட்டமா, தறி ஓடிச்சான்னு இருக்கும்."

"அந்த மலையில பாவு தீந்துபோச்சி மாமா. எரிஞ்சிடுச்சி. இது ஒண்ணுதான் அதோட கடைசி முழம். இத எடுத்துட்டீங்கன்னா, அப்புறம் எத்தினி பேரு படிச்சிட்டு வந்தாலும் பிணைக்க முனை கிடையாது."

யாரும் சிரிக்கவில்லை. மாமா மரத்தைப் பார்த்தார், தெருவைப் பார்த்தார், தலையைச் சொறிந்தார்.

"வாயில நல்லாத்தான் நெய்யற" என்றார். "சரி, மரம் இருக்கட்டும். பாவு எந்தப் பக்கமாப் போவும்? அதச் சொல்லு."

நானும் பார்த்தேன். ஒரு பக்கம் சாக்கடையும் மின்கம்பமும். இன்னொரு பக்கம் எங்கள் வீடு. தெருக்கோடி வீடு எங்களுடையதுதான். பாவைக் கொஞ்சம் சாய்த்து இழுத்து, எங்கள் வாசலில் முளை அடித்தால் மரத்தை உரசாமல் போகும். ஆனால் எங்கள் வாசற்படி தெருவுக்குள் நீட்டிக்கொண்டிருந்தது. வழவழவென்று சிவப்பு சிமெண்ட் பூசிய மூன்று படி, பக்கத்தில் வண்டி ஏற்றுகிற சரிவு. புது வண்டி வாங்கின கையோடு வீட்டுக்காரர் ஆசையாகக் கட்டியது.

"எங்க வாசலோரமாப் போவும்" என்றேன்.

"படி இருக்குதே?"

"நாளைக்கு இருக்காது."

பின்னால் நின்றுகொண்டிருந்த வீட்டுக்காரருக்கு ஒரு நிமிஷம் கழித்துத்தான் விஷயம் உறைத்தது. வீட்டுக்குள் போனதும், "வாசப்படிய இடிக்கிறது குடும்பத்துக்கு ஆவாதுடி" என்றார். நிலைப்படியையா இடிக்கப் போகிறேன், தெருப்படியைத்தானே என்றேன். வண்டியை எப்படி ஏற்றுவது என்றார். ஏற்ற வேண்டாம், தெருவில் நிற்கட்டும் என்றேன். ஊர் சிரிக்கும் என்றார். ஏற்கெனவே சிரித்து முடித்துவிட்டார்கள் என்றேன்.

மறுநாள் பாவு சுருட்டி முடித்ததும் கடப்பாரையை எடுத்தேன். அவர் ஆசையாகக் கட்டின படி, உறுதியாகத்தான் இருந்தது. முதல் அடியில் கைதான் அதிர்ந்தது, சிமெண்ட் சிரித்துக்கொண்டிருந்தது. உள்ளங்கை கொப்பளித்தது, பட்டு இழையைத் தொட முடியாத அளவுக்கு. ஜன்னலிலும் வாசலிலும் தெருவே நின்று பார்த்தது. பாதி இடித்திருப்பேன், வீட்டுக்காரர் உள்ளேயிருந்து லுங்கியை மடித்துக் கட்டிக்கொண்டு வந்து, "தள்ளு, நெய்யற கைய வச்சிகினு இன்னா வேலை இது" என்று கடப்பாரையைப் பிடுங்கினார். அவரும் நெய்கிறவர்தான். அன்றைக்கு அவர் மேல் எனக்கு வந்த பிரியத்தை நான் இன்னும் அவரிடம் சொல்லவில்லை. மாலைக்குள் படி இருந்த இடம் வெறுந்தரையாகிவிட்டது. ரோடு போட்டவர்கள் மரத்தைச் சுற்றி ஒரு வட்டம் விட்டுவிட்டுப் போட்டார்கள். மாமாவே பக்கத்தில் நின்று அப்படி விடச் சொன்னார்.

அன்றிலிருந்து எங்கள் வீட்டுக்குள் வருகிறவர்கள் காலைத் தூக்கி, நிலையைப் பிடித்து, ஒரு எம்பு எம்பித்தான் ஏற வேண்டும். விருந்தாளிகள் குறைந்திருக்கிறார்கள், அதுவும் நல்லதுதான். விடிகாலையில் கதவைத் திறந்தால் முகத்துக்கு நேராகப் பாவு ஓடும். தெருப்பக்கம் சாய்கிற கிளைகளைக் கழிவு நூலால் இழுத்துக் கட்டிவிடுவேன். மரம் வீட்டு ஓட்டைத் தாண்டி உயர்ந்தது. மாசி வந்தால் செத்தது, ஆடி மழைக்குப் பிழைத்தது. பேச்சு கேட்பதும் பதில் சொல்வதும் என் வேலையில் ஒன்றாகிவிட்டது.

இந்த வருஷம் அது முதல் தடவையாகப் பூத்தது. மொட்டைக் கிளையில் சின்னச் சின்னதாகச் செம்பூ. சித்திரையில் காய் முற்றி, காகிதப் பைகள் தொங்கின. ஒருநாள் விடிகாலையில் பாவு நீட்டி, கஞ்சி தெளித்து முடித்த சமயம் பார்த்துக் காற்று அடித்தது. பைகள் மொத்தமும் பறந்து ஈரப் பாவின் மேல் போய் ஒட்டிக்கொண்டன. மாமா போட்ட சத்தத்தில் தெருவே விழித்துக்கொண்டது. "ஜல்தி வாம்மா! உன் மரம் பண்ற வேலைய வந்து பாரு!" நான் தாவிக் குதித்து ஓடினேன். இழை அறாமல் ஒவ்வொன்றாக எடுக்க வேண்டும். திட்டிக்கொண்டே அவர் ஒரு பக்கம் எடுத்தார், கேட்டுக்கொண்டே நான் மறுபக்கம் எடுத்தேன். எடுத்து முடித்துப் பார்த்தால், அவர் எதையும் கீழே போடவில்லை. சட்டைப் பை புடைத்திருந்தது.

"எப்ப மலைக்குப் போற?" என்றார். "நானும் வரேன். பாவுலருந்து எடுத்தது நானு. நானே போடறேன்."

அந்த வார வெள்ளிக்கிழமை தேவிகாபுரம் பஸ்ஸில் மூன்று பேரும் போனோம். வீட்டுக்காரர் அடிவாரத்தில் பொங்கல் அடுப்பு மூட்டினார். நானும் மாமாவும் பாறை மேல் ஏறினோம். அத்தனை வருஷம் கழித்து அன்றைக்குத்தான் ஏறுகிறேன். மரம் இருந்த இடத்தில் முழங்கால் உயரத்துக்குக் கறுத்த அடிக்கட்டை ஒன்று நின்றது.

"இதான் மாமா தாய் மரம். இப்படித்தான் செத்துப்போச்சு."

அவர் அதைச் சுற்றி வந்தார். பின்னால் பாறை வெடிப்பிலிருந்து இலையே இல்லாத நாலைந்து குச்சிகள் நீட்டிக்கொண்டிருந்தன. நுனி எல்லாம் ஆடு கடித்துக் குதறியிருந்தது. அவர் குத்தவைத்து உட்கார்ந்தார்.

"செத்துப்பூட்ச்சின்னு யாரு சொன்னது?"

"மேடம் போன்ல சொன்னாங்க."

"நீ வந்து பாத்தியா?"

நான் கிட்டே போய்க் குனிந்து பார்த்தேன்.

"சுரண்டிப் பாத்துட்டுப் பேசும்மா" என்றார் மாமா. நகத்தால் ஒரு குச்சியைக் கீறி, தள்ளி உட்கார்ந்து எனக்குக் காட்டினார். பச்சை. பக்கத்துக் குச்சியை நானே கீறினேன். அதிலும் பச்சை. வேர் சாகவே இல்லை. ஒவ்வொரு மழைக்கும் அது துளிர்த்திருக்கிறது, ஒவ்வொரு வருஷமும் ஆடு மேய்ந்திருக்கிறது. நான் கீழே நின்று பொங்கல் வைத்துக் கும்பிட்டுவிட்டுப் போயிருக்கிறேன்.

பாறையிலேயே உட்கார்ந்துவிட்டேன். சிரிப்பு வந்தது, அது நிற்பதற்குள் அழுகையாகிவிட்டது. மாமா துண்டை எடுத்து நீட்டினார். தயங்கித் தயங்கிக் கேட்டார்.

"அப்ப நீ படிய இடிச்சதெல்லாம் வீண்தானா?"

அழுகை நின்று எனக்குப் பழைய கோபம் வந்துவிட்டது.

"ஒரு முனைதான் கீதுன்னு இருந்தோம், ரெண்டு முனை கீது. இதுல வீணு எங்க மாமா வந்தது? வெதைய அப்புறம் தூவலாம். மொதல்ல அந்தக் கல்ல இப்படிப் பொரட்டுங்க, நான் முள்ளு ஒடிச்சிகினு வரேன். ஆடு வர்ற நேரமாச்சு."

அவர் சட்டைப் பையை ஒரு கையால் பொத்திக்கொண்டு, மறு கையால் கல்லைப் புரட்ட ஆரம்பித்தார்.